ஒப்பந்தம் இருக்கிறது, நிலம் எங்கே? – லகோட்டா தலைவர் ரெட் கிளவுட்

அமெரிக்க அரசின் கருவூலத்தில் ஒரு தொகை நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் கிடக்கிறது. வட்டியோடு சேர்ந்து அது நூறு கோடி டாலரைத் தாண்டிவிட்டது. அந்தப் பணத்துக்கு உரியவர்கள் அந்த நாட்டின் மிக ஏழ்மையான மக்களில் ஒருவர். வேலை இல்லை, நல்ல வீடு இல்லை, மருத்துவமனை தூரத்தில். ஆனாலும் அந்தப் பணத்தைத் தொட மாட்டோம் என்கிறார்கள். தொட்டால் நிலத்தை விற்றதாக ஆகிவிடும் என்பது அவர்கள் சொல்லும் காரணம்.

அவர்கள் லகோட்டா மக்கள். அமெரிக்காவின் பூர்வகுடிகள். நம் பாடப்புத்தகங்கள் செவ்விந்தியர் என்று சொல்லிக்கொடுத்த மக்களில் ஒரு பிரிவினர். இந்தியாவைத் தேடிக் கிளம்பிய கொலம்பஸ் வேறொரு கரையில் இறங்கியதால் வந்த தவறான பெயர் அது. அந்த நிலத்தின் கதை ரெட் கிளவுட் என்ற தலைவரின் வாழ்க்கையோடு பின்னிக் கிடக்கிறது. அவர் மொழியில் அவருக்குப் பெயர் மஹ்பியா லூட்டா. செம்மேகம் என்று பொருள். அரசோடு போரிட்டு, அரசு கட்டிய கோட்டைகளை அரசே காலி செய்யும்படி வைத்து, அதற்குப் பிறகே ஒப்பந்தத்தில் ஒப்பமிட்டவர் அவர். அந்த ஒப்பந்தம் மீறப்பட்டதையும் உயிரோடு இருந்து பார்த்தவர். அவர் வாழ்க்கையை நாம் தெரிந்துகொள்வது நல்லது.

தாய்மாமன் வளர்த்த பிள்ளை

ரெட் கிளவுட் 1821ஆம் ஆண்டு வாக்கில், இன்றைய நெப்ராஸ்கா மாநிலத்தில் பிளாட் ஆற்றை ஒட்டிய புல்வெளியில் பிறந்தார். லகோட்டா மக்களில் ஏழு பிரிவுகள் உண்டு. தாய் ஓக்லாலா பிரிவு, தந்தை புரூலே பிரிவு. வெள்ளை வணிகர்கள் தோலுக்குப் பண்டமாற்றாகச் சாராயத்தைக் கொண்டுவந்து கொட்டிய காலம் அது. மகன் சிறுவனாக இருந்தபோதே தந்தை குடியால் இறந்துபோனார். ஸ்மோக் என்ற தாய்மாமன்தான் பிள்ளையை வளர்த்து ஆளாக்கினார்.

லகோட்டா மக்களுக்குக் காட்டெருமையே வாழ்வு. இறைச்சி உணவு. தோல் கூடாரம், போர்வை, செருப்பு. எலும்பு கருவி. மந்தை போகும் வழியே மக்களும் போவார்கள். நிலத்துக்கு வேலி கிடையாது, பத்திரம் கிடையாது.

தலைமை ரெட் கிளவுட்டுக்குப் பரம்பரையாக வரவில்லை. போரில் காட்டிய துணிவாலும், பேச்சுத் திறத்தாலும் அவராகப் பெற்றது. அங்கே தலைவர் என்பவர் கட்டளையிடும் அரசர் அல்ல. அவர் சொல்லுக்கு மதிப்பு இருக்கும்வரை மக்கள் பின்னால் வருவார்கள். மதிப்புப் போனால் வேறொருவர் பின்னால் போய்விடுவார்கள். ஒருவர் கையெழுத்துப் போட்டால் எல்லோரும் போட்டதாக ஆகாது. இதை அரசு புரிந்துகொள்ளவே இல்லை. புரிந்தபோதும் புரியாததுபோல் நடந்தது.

அமெரிக்க அரசு பூர்வகுடிகளோடு செய்துகொண்ட ஒப்பந்தங்கள் ஒன்றிரண்டல்ல. 1778 முதல் 1871 வரை ஏறத்தாழ 370. இவை இரு நாடுகள் செய்துகொள்ளும் உடன்படிக்கைக்கு நிகரானவை. மேலவையான செனட் ஒப்புதல் தர வேண்டும். ஒப்புதல் பெற்ற ஒப்பந்தம் நாட்டின் உச்சச் சட்டத்தில் ஒரு பகுதி என்று அந்நாட்டு அரசமைப்பே சொல்கிறது. மாணவர்கள் இதை மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். பின்னால் வரும் வழக்கின் ஆணிவேர் இதுதான்.

1851இல் லாரமி கோட்டையில் ஓர் ஒப்பந்தம் நடந்தது. ஒவ்வொரு இனத்துக்கும் எல்லை வகுத்தார்கள். வெள்ளையர் போக வழிவிட்டால் ஆண்டுக்கு 50,000 டாலர் மதிப்புள்ள பொருள்களை 50 ஆண்டுகளுக்குத் தருவதாகப் பேச்சு. கையெழுத்து வாங்கிய பிறகு செனட் அந்த 50 ஆண்டை 10 ஆண்டாகக் குறைத்தது. இளம் வீரராக இருந்த ரெட் கிளவுட் வளர்ந்தது இந்தச் சூழலில்தான்.

சாலைக்கு எதிரான போர்

1860களின் தொடக்கத்தில் மொன்டானா பகுதியில் தங்கம் கிடைத்தது. தங்கம் தேடிப் போனவர்கள் பவுடர் ஆற்றுப் பகுதியின் ஊடே குறுக்கு வழி ஒன்றைப் போட்டார்கள். போஸ்மன் பாதை என்று அதற்குப் பெயர். அது லகோட்டா மக்களின் கடைசிப் பெரிய வேட்டைக்காடு. வண்டிகள் போகப் போகக் காட்டெருமைகள் விலகி ஓடின.

1866 ஜூனில் பாதைக்கு அனுமதி கேட்டு அரசு லாரமி கோட்டையில் பேச்சு நடத்தியது. பேச்சு நடந்துகொண்டிருக்கும்போதே கர்னல் கேரிங்டன் தலைமையில் ஒரு படை அங்கே வந்து சேர்ந்தது. அந்தப் பாதையில் கோட்டை கட்டுவதற்காக வந்த படை. கேட்பதற்கு முன்பே எடுத்துக்கொள்ள முடிவு செய்துவிட்டார்கள் என்பது ரெட் கிளவுட்டுக்குப் புரிந்தது. பேச்சிலிருந்து எழுந்து வெளியேறினார்.

அதன்பின் இரண்டு ஆண்டுகள் போர். லகோட்டா, செயன், அரபாஹோ என மூன்று இனத்தவரும் ஒன்றுசேர்ந்தனர். கோட்டைகளை நேராகத் தாக்கவில்லை. விறகு வெட்டப் போனவர்களையும், புல் அறுக்கப் போனவர்களையும், வண்டிகளையும் மறித்தனர். கோட்டைக்குள் இருந்தவர்கள் வெளியே கால்வைக்க அஞ்சினர். 1866 டிசம்பர் 21 அன்று கேப்டன் ஃபெட்டர்மன் தலைமையில் துரத்திவந்த படைப்பிரிவு ஒன்று பொறியில் சிக்கியது. 81 பேரில் ஒருவர்கூடத் திரும்பவில்லை.

அரசு கணக்குப் போட்டுப் பார்த்தது. கோட்டைகளைக் காப்பதற்குச் செலவு அதிகம். கண்டத்தைக் கடக்கும் ரயில் பாதை தெற்கே வேகமாக நீண்டுகொண்டிருந்தது. அது வந்துவிட்டால் போஸ்மன் பாதை தேவைப்படாது. ஆகவே சமாதானத்துக்கு ஆள் அனுப்பியது.

1868 ஒப்பந்தம்

1868 ஏப்ரலில் லாரமி கோட்டையில் ஒப்பந்தம் தயாராக இருந்தது. சில தலைவர்கள் ஒப்பமிட்டார்கள். ரெட் கிளவுட் வரவில்லை. முதலில் கோட்டைகள் காலியாக வேண்டும், பிறகே கையெழுத்து என்று சொல்லி அனுப்பிவிட்டார். அந்தக் கோடையில் மூன்று கோட்டைகளிலிருந்தும் படை வெளியேறியது. ஃபில் கியர்னி கோட்டை தீயில் எரிந்து சாம்பலானது. குளிர்காலத்துக்கு வேண்டிய வேட்டையை முடித்துக்கொண்டு, 1868 நவம்பர் 6 அன்றுதான் ரெட் கிளவுட் வந்து ஒப்பமிட்டார்.

அந்த ஒப்பந்தத்தில் நமக்கு முக்கியமானவை நான்கு.

முதலாவது, இன்றைய தெற்கு டகோட்டா மாநிலத்தில் மிசூரி ஆற்றுக்கு மேற்கே உள்ள பகுதி முழுவதும் அவர்களின் தனி உரிமை நிலம். அனுமதி இன்றி வெள்ளையர் நுழையவோ குடியேறவோ கூடாது. பாஹா சாப்பா என்று லகோட்டா மக்கள் அழைக்கும் கருங்குன்றுகள் இந்த எல்லைக்குள் வருகின்றன. அது அவர்களின் புனித மலை.

இரண்டாவது, பவுடர் ஆற்றுப் பகுதி விட்டுக்கொடுக்கப்படாத பூர்வகுடி நிலமாக இருக்கும்.

மூன்றாவது, உணவு, துணி, பள்ளி, மருத்துவர் ஆகியவற்றுக்கு அரசு பொறுப்பு. முப்பது பிள்ளைகளுக்கு ஓர் ஆசிரியர் என்றுகூட எழுதப்பட்டிருந்தது.

நான்காவது, பன்னிரண்டாம் பிரிவு. இந்த நிலத்தில் எந்தப் பகுதியையும் விட்டுக்கொடுப்பதானால், வயதுவந்த ஆண்களில் நான்கில் மூன்று பங்கினர் கையெழுத்திட வேண்டும். இல்லாவிட்டால் செல்லாது.

வாஷிங்டனில் வாசிக்கக் கேட்டது

ரெட் கிளவுட்டுக்கு ஆங்கிலம் எழுதப் படிக்கத் தெரியாது. மொழிபெயர்ப்பாளர் சொன்னதைக் கேட்டு, பேனாவைத் தொட்டு அடையாளக் குறி வைத்தவர். நம் பெரியவர்கள் கைநாட்டு வைத்ததுபோல.

1870இல் அவர் வாஷிங்டன் சென்று குடியரசுத் தலைவர் கிராண்டைச் சந்தித்தார். பூர்வகுடி விவகாரத் துறைக்கு அப்போது ஆணையராக இருந்தவர் செனகா இனத்தைச் சேர்ந்த ஈலி பார்க்கர். அந்தப் பதவிக்கு வந்த முதல் பூர்வகுடி அவர்தான். அந்தப் பயணத்தில் உள்துறை அமைச்சர் ஒப்பந்தத்தின் பிரிவுகளை வாசிக்கச் செய்தார். அப்போதுதான் ரெட் கிளவுட் அதிர்ந்துபோனார். தான் கேட்டிராத பல விஷயங்கள் அந்தக் காகிதத்தில் இருந்தன. சமாதானத்துக்கும், கோட்டைகளை அகற்றுவதற்கும்தான் ஒப்பமிட்டதாக அவர் எண்ணியிருந்தார். மக்கள் தொலைவில் மிசூரிக் கரையில் உள்ள முகாமை நாடி வர வேண்டும் என்பது அவருக்குச் சொல்லப்படவே இல்லை.

பேசிய சொல் ஒன்று, எழுதிய சொல் வேறொன்று. அவர் அதோடு சோர்ந்துவிடவில்லை. நியூயார்க் நகரின் கூப்பர் யூனியன் அரங்கில் பெரும் கூட்டத்தின் முன் நின்று, தன் மக்களுக்கு நடந்ததைத் தன் மொழியிலேயே எடுத்துச் சொன்னார். செய்தித்தாள்கள் வெளியிட்டன. மிசூரிக்குப் போக வேண்டியதில்லை என்று அரசு இறங்கிவந்தது. அன்று முதல் சாகும்வரை அவர் போராட்டம் காகிதத்தோடும் அதிகாரிகளோடும்தான். பலமுறை வாஷிங்டன் போய்வந்தார். துப்பாக்கியை மீண்டும் எடுக்கவில்லை.

மறு ஆண்டு, 1871இல், இனிமேல் பூர்வகுடிகளோடு ஒப்பந்தமே செய்வதில்லை என்று அமெரிக்க நாடாளுமன்றம் சட்டம் போட்டது. ஏற்கெனவே செய்தவை மட்டும் செல்லும்.

வேட்டை குறைந்ததால் மக்கள் அரசு தரும் பங்கீட்டை நம்பி வாழ வேண்டிய நிலை வந்தது. வந்த மாவு கெட்டுப்போனது, காப்பிக்கொட்டையும் புகையிலையும் மட்டமானவை. ரெட் கிளவுட் என்ன செய்தார்? புதைபடிவ எலும்பு தேடி வந்த மார்ஷ் என்ற யேல் பல்கலைக்கழகப் பேராசிரியரிடம் அந்தப் பொருள்களில் மாதிரி எடுத்துக் கொடுத்தனுப்பினார். மார்ஷ் அதை 1875இல் கிராண்ட் வரை கொண்டுபோனார். விசாரணை வந்தது. ஊழல் புகார்களுக்கு நடுவே உள்துறை அமைச்சர் அந்த ஆண்டே பதவி விலகினார். வெறும் புகாரோடு நிற்காமல் சான்றையும் சேர்த்துக் கொடுத்தால் என்ன நடக்கும் என்பதற்கு இது நல்ல பாடம்.

பட்டினியில் வாங்கிய கையெழுத்து

1874இல் கஸ்டர் என்ற படைத்தலைவர் ஆயிரம் பேரோடு கருங்குன்றுகளுக்குள் போனார். தங்கம் இருப்பதாகச் செய்தி பரவியது. ஒப்பந்தப்படி நுழையக் கூடாத வெள்ளையர் ஆயிரக்கணக்கில் நுழைந்தனர். தடுக்க வேண்டிய படை வேடிக்கை பார்த்தது.

1875இல் அரசு 60 லட்சம் டாலருக்கு மலையை விலை பேசியது. மக்கள் மறுத்தனர். மலையை விட்டுத்தான் தீர வேண்டும் என்றால் ஏழு தலைமுறைக்குச் சோறு போடும் அளவுக்கு விலை வேண்டும் என்பது ரெட் கிளவுட்டின் நிலை. பேரம் முறிந்தது. அதன்பின் அரசு போரைத் தொடங்கியது. 1876 ஜூன் 25 அன்று லிட்டில் பிக்ஹார்ன் ஆற்றங்கரையில் கஸ்டரும் அவரோடு இருந்த வீரர்களும் மாண்டனர். ரெட் கிளவுட் அந்தப் போரில் இல்லை. மகன் ஜாக் இருந்தார்.

தோல்விக்குப் பழி தீர்க்க, நாடாளுமன்றம் ஆகஸ்டில் ஒரு சட்டம் இயற்றியது. கருங்குன்றுகளை எழுதிக் கொடுக்கும்வரை உணவு வழங்கப் பணம் ஒதுக்கப்படாது. அதை வைத்துக்கொண்டு அதிகாரிகள் முகாம் முகாமாகக் கையெழுத்து வாங்கினர். பட்டினி கிடக்கும் குழந்தைகள் ஒருபுறம், படை மறுபுறம். ரெட் கிளவுட்டும் ஒப்பமிட்டார்.

இதை நாம் மறைக்க வேண்டியதில்லை. இளைஞர்கள் அவரைக் குறை சொன்னார்கள். இன்றும் சிலர் சொல்கிறார்கள். ஆனால் பிள்ளையின் வாயிலிருந்து சோற்றைப் பிடுங்கி வாங்கிய கையெழுத்துக்குக் குற்றவாளி கையெழுத்துப் போட்டவரா, வாங்கியவரா? அதற்குப் பின்னும் அரசு அவரை நம்பவில்லை. அந்த அக்டோபரில் அவர் முகாமைப் படை சூழ்ந்து குதிரைகளையும் துப்பாக்கிகளையும் பறித்தது. ஜெனரல் குரூக், அவரைத் தலைவர் பதவியிலிருந்து நீக்கிவிட்டதாக அறிவித்தார். மக்கள் கொடுத்த தலைமையை ஒரு படை அதிகாரி நீக்கினார்.

அப்படி மிரட்டியும் கையெழுத்திட்டவர்கள் வயதுவந்த ஆண்களில் பத்தில் ஒரு பங்கினர்தான். ஒப்பந்தம் கேட்டது நான்கில் மூன்று பங்கு. ஆனாலும் 1877 பிப்ரவரி 28 அன்று அரசு சட்டம் போட்டு, ஏறத்தாழ 73 லட்சம் ஏக்கரை எடுத்துக்கொண்டது. அந்த மலையில் உள்ள ஹோம்ஸ்டேக் என்ற ஒரே சுரங்கத்திலிருந்து, அது மூடப்பட்ட 2002 வரை, ஆயிரம் டன்னுக்கு மேல் தங்கம் எடுத்தார்கள்.

பைன் ரிட்ஜில் முதுமை

ரெட் கிளவுட்டின் மக்கள் 1878இல் பைன் ரிட்ஜ் பகுதிக்கு வந்து சேர்ந்தனர். இன்றும் அங்கேயே இருக்கிறார்கள். அங்கே வந்த அரசு முகவர் மெக்கிலிகடி அவருடைய செல்வாக்கை உடைக்க ஏழாண்டுக் காலம் முயன்றார். தொலைதூர உறைவிடப் பள்ளிகளுக்குப் பிள்ளைகளைக் கொண்டுபோய் முடியை வெட்டி, மொழியை மறக்கவைத்தது அந்தக் காலத்தில்தான். எழுத்து தெரியாததால் தான் பட்ட பாட்டைப் பிள்ளைகள் படக்கூடாது என்று நினைத்த ரெட் கிளவுட், தன் மக்கள் இருக்கும் இடத்திலேயே பள்ளி வேண்டும் என்று வலியுறுத்தினார். 1888இல் கத்தோலிக்கத் துறவிகள் தொடங்கிய பள்ளி இன்றும் அவர் பெயரால் நடக்கிறது.

1889இல் எஞ்சிய நிலத்தையும் துண்டு போட அரசு வந்தது. ரெட் கிளவுட் கடுமையாக எதிர்த்தார். இம்முறை ஆசைகாட்டியும் அச்சுறுத்தியும் நான்கில் மூன்று பங்குக் கையெழுத்தைச் சேர்த்துவிட்டார்கள். இன்னும் 90 லட்சம் ஏக்கர் போனது. கையெழுத்து வாங்கிய கையோடு உணவுப் பங்கீட்டையும் குறைத்தார்கள். மறு ஆண்டு டிசம்பர் 29 அன்று, பைன் ரிட்ஜுக்கு வந்துகொண்டிருந்த ஒரு கூட்டத்தை வூண்டட் நீ என்ற ஓடைக்கரையில் படை சுட்டுத் தள்ளியது. மாண்டவர் 150 முதல் 300 வரை. பாதிக்கு மேல் பெண்களும் குழந்தைகளும்.

ரெட் கிளவுட்டின் கண்பார்வை மங்கிப்போனது. 1903இல் தலைமையை மகன் ஜாக்கிடம் ஒப்படைத்தார். 1909 டிசம்பர் 10 அன்று மறைந்தார். பள்ளிக்கு அருகே உள்ள குன்றில் அவர் கல்லறை இருக்கிறது.

நூறாண்டு கழித்து வந்த தீர்ப்பு

கதை அவரோடு முடியவில்லை. 1920இல் வழக்குப் போட அரசு அனுமதித்தது. 1923இல் வழக்குத் தொடுத்தார்கள். 1942இல் தள்ளுபடி ஆனது. மீண்டும் தொடுத்தார்கள். தொடுத்தவர்களின் பேரப்பிள்ளைகள் காலத்தில், 1980 ஜூன் 30 அன்று, அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. எட்டு நீதிபதிகள் ஒரு பக்கம், ஒருவர் மறுபக்கம். கருங்குன்றுகளை உரிய இழப்பீடு தராமல் அரசு எடுத்துக்கொண்டது என்று தீர்ப்பானது. 1877ஆம் ஆண்டு மதிப்பான 1.71 கோடி டாலரும், நூறாண்டு வட்டியும் சேர்த்து 10 கோடி டாலருக்கு மேல் தர வேண்டும் என்றது.

நிலத்தைத் திருப்பித் தரச் சொல்லவில்லை. ஆகவே மக்கள் பணத்தை மறுத்தனர். அந்தப் பணம்தான் கருவூலத்தில் வளர்ந்துகொண்டிருக்கிறது. அங்கே குடியிருக்கும் மக்களை வெளியேற்றச் சொல்லி அவர்கள் கேட்கவில்லை. அரசின் கையில் உள்ள காட்டு நிலத்தையாவது திருப்பிக் கொடு என்கிறார்கள். 1980களில் அதற்காக ஒரு மசோதா வந்தது. நிறைவேறவில்லை. 2012இல் பழங்குடி அமைப்புகள் சில சேர்ந்து, அந்த மலையில் பே ஸ்லா என்ற புனித இடத்தில் ஏறத்தாழ 2,000 ஏக்கரை 90 லட்சம் டாலர் கொடுத்து வாங்கின. தம் நிலத்தைத் தாமே விலை கொடுத்து வாங்க வேண்டியிருந்தது.

இந்த வரலாறு வேறு, நம் வரலாறு வேறு. ஒப்பந்தமும் அரசாணையும் ஒன்றல்ல. ஆனால் நம் பத்தியின் வாசகர்களுக்கு ஒரு விஷயம் உடனே நினைவுக்கு வரும். 1892இல் சென்னை மாகாண அரசு ஒதுக்கிய பஞ்சமி நிலம். அதிலும் ஒரு நிபந்தனை உண்டு. ஒடுக்கப்பட்ட மக்கள் அல்லாதோருக்கு விற்றால் செல்லாது. காகிதத்தில் நம் பெயர், உழவு வேறொருவருடையது என்ற நிலை எத்தனையோ ஊர்களில் இருக்கிறது. அந்த நிபந்தனையைக் காட்டித்தான் இன்றும் நாம் மனு கொடுக்கிறோம்.

ரெட் கிளவுட்டின் மக்கள் வழக்கில் நிற்க முடிந்தது எதனால்? மீறப்பட்டாலும் அந்த ஒப்பந்தம் எழுத்தில் இருந்தது. நான்கில் மூன்று பங்கு என்று அதில் இருந்தது. பத்தில் ஒரு பங்குதான் கையெழுத்திட்டது என்பதை அவர்கள் தலைமுறை தலைமுறையாக மறக்காமல் சொல்லிவந்தார்கள். அவர்களிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது அந்த நினைவுதான். வீட்டுப் பெட்டியில் பழைய பட்டா இருந்தால், தாத்தா பெயரில் ஓர் ஒப்படை ஆணை இருந்தால், அதை எடுத்துப் படியுங்கள். படிக்கத் தெரியாத பெரியவர்களுக்கு நம் மாணவர்கள் வரிவரியாக வாசித்துக் காட்டுங்கள். அதில் என்ன எழுதியிருக்கிறது என்பது நம் பிள்ளைகளுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.